உடுப்புக் கழற்றாத டொக்டர்

பாரிசின் தமிழ்க் கடைத்தெருவான லா சப்பலில் மிருணாளினிக்கு வழங்கிய பெயர் அவளுடைய பெயர்ப்பலகையில் இருந்த பெயர் அல்ல. 'உடுப்புக் கழட்டாத டொக்டர்' என்று கேட்டால்தான் தெருவில் வழி சொல்வார்கள். சார்செலில் இருந்தும் வில்லியே லே பெல்லில் இருந்தும் தாய்மார் புறநகர் ரயிலில் வந்து, கார் து நோர் நிலையத்தில் இறங்கி, தள்ளுவண்டியைப் படிகளில் தூக்கி இறக்கி, மரக்கறிக் கடைகளையும் நகைக்கடைகளையும் தாண்டி அவளிடம் வருவார்கள். அவர்கள் வீட்டுக்குப் பக்கத்திலேயே குழந்தை மருத்துவர்கள் இல்லாமல் இல்லை. ஆனால் அவர்களெல்லாம் பிள்ளையைப் பிறந்த மேனியாக்கி, கடதாசி விரித்த மேசையில் கிடத்துகிறவர்கள். தை மாதக் குளிரில் ஒரு பச்சைப் பிள்ளையை அப்படிக் கிடத்திவிட்டு, கணினியில் தட்டிக்கொண்டிருக்கும் ஆளைப் பார்த்துக்கொண்டு எந்த யாழ்ப்பாணத்துத் தாய்தான் சும்மா இருப்பாள்?

மிருணாளினியும் தொடக்கத்தில் கழற்றிப் பார்த்தவள்தான். முதலில் கழற்று, பிறகு கண்ணால் பார், பிறகு தொடு, கடைசியாகக் காதை வை என்றுதான் அவளுக்குப் படிப்பித்தார்கள். மூச்சு இழுக்கும்போது விலா உள்ளே போகிறதா என்பதைச் சட்டைக்கு மேலால் பார்க்க முடியாது. தொடை இடுக்கில் நாடி ஓடுகிறதா என்பதை இடுப்பில் கட்டிய பம்பஸைத் திறக்காமல் பார்க்க முடியாது. அதெல்லாம் அவளுக்கு நன்றாகத் தெரியும். முதல் வருடம் முழுக்க அப்படியே செய்தாள். தாய்மாரின் முகம் கறுத்தது. அடுத்த முறைக்கு வரவில்லை. ஒருத்தி முகத்துக்கு நேரே கேட்டும்விட்டாள்.

"வெள்ளையளிட்டைப் போனாலும் இதுதான். எங்கடை ஆள் எண்டு உங்களிட்டை வந்தாலும் இதுதானோ?"

அந்தக் கேள்வி மிருணாளினிக்குச் சுட்டது. ஆறு வயதில் பிரான்சுக்கு வந்தவள் அவள். பொபினியில் பள்ளிக்கூட மருத்துவப் பரிசோதனை நாளில் உள்ளாடையோடு வரிசையில் நின்றதும், கூட நின்ற பிள்ளைகள் அவள் முதுகைத் தொட்டுப் பார்த்துச் சிரித்ததும் இன்னும் மனதில் கிடந்தன. சரி, ஒரு பெனியன் இருந்தால் என்ன குடி முழுகிவிடும் என்று விட்டுக்கொடுத்தாள். பிறகு பெனியனுக்கு மேலே இன்னொன்று. பிறகு, மேசை வேண்டாம், தாயின் மடியிலேயே இருக்கட்டும். பிறகு, பிள்ளை நித்திரையென்றால் எழுப்புவதில்லை. ஸ்டெதஸ்கோப்பின் வட்டத்தை உள்ளங்கையில் தேய்த்துச் சூடாக்கி, கழுத்து வழியாக மெல்ல இறக்குவாள். பிள்ளை சிணுங்காது. தாய்மார் வாய் நிறையப் புகழ்ந்தார்கள்.

அது தன் சனத்துக்குக் காட்டும் மரியாதை என்று அவள் தனக்குத்தானே சொல்லிக்கொண்டாள். பாதி மரியாதைதான். மற்றப் பாதி என்ன என்று யோசிக்க அவளுக்கு நேரம் இல்லை, ஏனென்றால் காத்திருக்கும் அறை இப்போது நிறைந்திருந்தது.

எடை பார்ப்பதுகூட உடுப்போடுதான். வரவேற்பு மேசையில் இருந்த இம்மாகுலேற் அதற்கு ஒரு கணக்கு வைத்திருந்தாள். மன்னாரில் இருந்து வந்த கத்தோலிக்கப் பெண், ஐம்பது தாண்டியவள், எதற்கும் ஒரு கணக்கு வைத்திருப்பாள். தை மாதத்து உடுப்புக்கு இவ்வளவு கழி, ஆனி மாதத்து உடுப்புக்கு இவ்வளவு கழி. தாய்மார் அதைக் கேட்டுச் சிரிப்பார்கள். மிருணாளினியும் சிரிப்பாள்.

இந்தத் தொழிலில் ஒரு பொல்லாத விஷயம் இருக்கிறது. பெரும்பாலான பிள்ளைகளின் நெஞ்சு நல்ல நெஞ்சு. ஒழுங்காகப் பார்த்தாலும் நல்லது என்றுதான் வரும், பார்க்காமல் விட்டாலும் நல்லது என்றுதான் வரும். வருடக்கணக்காகப் பார்க்காமல் விட்டும் ஒன்றும் ஆகவில்லையென்றால் மனிசருக்குத் துணிவு வந்துவிடுகிறது.

கஜனி தன் மகன் கிருஷிகனைக் கொண்டுவந்தது அப்படியொரு தை மாதத்தில். பிள்ளைக்கு மூன்றாம் மாதம் நடந்துகொண்டிருந்தது. மூத்தவள் அஷ்விகாவுக்கு நாலு வயது. அஷ்விகா கைக்குழந்தையாக இருந்தபோது சார்செலில் ஒரு மருத்துவர் அவளைக் கழற்றிப் போட்டுப் பார்த்தார், அந்த வாரமே அவளுக்கு மூச்சுக் குழலில் சளி இறங்கி ஆஸ்பத்திரியில் கிடந்தாள். அது கிறெஷில், பிள்ளைகள் காப்பகத்தில், தொற்றிய கிருமி என்று எத்தனை பேர் சொன்னாலும் கஜனி கேட்கமாட்டாள். குளிர் உள்ளே போனதுதான் காரணம் என்பதில் அவளுக்குத் துளியும் சந்தேகம் இல்லை. அன்றிலிருந்து அவள் மிருணாளினியைத் தவிர வேறு ஒருவரிடமும் பிள்ளைகளைக் காட்டியதில்லை.

"பால் குடிக்கிறான் இல்லை டொக்டர். ரெண்டு இழுவை இழுத்துப்போட்டு விட்டிடுறான். குடிக்கேக்கை தலையெல்லாம் வேர்த்து நனையுது."

மிருணாளினி பிள்ளையைப் பார்த்தாள். கம்பளித் தொப்பி, கம்பளிச் சட்டை, அதற்குள் இன்னொரு சட்டை, அதற்குள் பெனியன்.

"இவ்வளவையும் போட்டு மூடினால் ஆருக்குத்தான் வேர்க்காது கஜனி?"

கஜனி வெட்கப்பட்டுச் சிரித்தாள். கதவடியில் நின்ற இம்மாகுலேற்றும் சிரித்தாள். எடை கொஞ்சம் குறைவுபோலத்தான் இருந்தது. உடுப்புக்குக் கூடுதலாகக் கழித்துவிட்டேனாக்கும் என்று இம்மாகுலேற் சொன்னாள்.

"இப்பத்தான் கண் அயந்தவன் டொக்டர். எழுப்பிப்போடாதேங்கோ. எழும்பினால் ரயில் முழுக்கக் கத்திக்கொண்டு வருவான்."

மிருணாளினி மேற்சட்டையின் பொத்தானை மட்டும் கழற்றி, ஸ்டெதஸ்கோப்பைப் பெனியனுக்கு மேலே வைத்துக் கேட்டாள். இதயம் வேகமாக அடித்தது. மூச்சும் கொஞ்சம் வேகம். அறையில் வெப்பமூட்டி முழு வீச்சில் ஓடிக்கொண்டிருந்தது, அதனாலாக இருக்கும் என்று நினைத்தாள். முதுகுப் பக்கம் கேட்க வேண்டுமென்றால் பிள்ளையைத் திருப்ப வேண்டும். திருப்பவில்லை. அவளுடைய கை பம்பஸின் ஒட்டுப்பட்டி வரைக்கும் போனது. பிள்ளை முகத்தைச் சுழித்தது. கஜனி உடனே நெஞ்சில் தட்டிக்கொடுத்தாள். கை திரும்பிவிட்டது.

"சாடையான சளி. மூக்குக்கு உப்புத் தண்ணி விடுங்கோ. கொஞ்சம் கொஞ்சமாய்ப் பாலைக் குடுங்கோ. பயப்பிட ஒண்டும் இல்லை."

"உங்கடை கை பட்டாலே போதும் டொக்டர், உங்கடை கைராசி அப்பிடி" என்று கஜனி பிள்ளையை மறுபடி மூடிக் கட்டிக்கொண்டு போனாள்.

அதற்கு அடுத்த வாரச் சனிக்கிழமை பின்னேரம் தொலைபேசி வந்தது. சனிக்கிழமை லா சப்பலில் நடக்க இடம் இருக்காது. கலியாணச் சேலை எடுக்க வந்தவர்கள், கருவாடு வாங்க வந்தவர்கள், தேத்தண்ணிக் கடை வாசலில் நின்று அரசியல் பேசுகிறவர்கள் என்று தெரு நிறைந்திருக்கும். மிருணாளினியின் காத்திருக்கும் அறையும் அப்படித்தான் இருந்தது. இம்மாகுலேற் தொலைபேசியைக் கொண்டுவந்து நீட்டினாள்.

"ஆஸ்பத்திரியிலை இருந்து டொக்டர். ஊர்ஜோன்ஸாம்."

புறநகர் ஆஸ்பத்திரி ஒன்றின் அவசரப் பிரிவு. ழான்-லூக் என்ற இளம் மருத்துவன் பேசினான். சார்செலில் இருந்து ஒரு கைக்குழந்தை சாம்பல் பூத்த நிறத்தில் வந்திருக்கிறது, கைகால் சில்லிட்டிருக்கிறது, மூச்சு வாங்குகிறது, பெயர் கிருஷிகன் என்றான். அவன் குரலில் அவசரம் இருந்தது.

"இப்போது உடம்பு முழுக்க நாடி பலவீனமாக இருக்கிறது. அதனால் எதையும் சொல்ல முடியவில்லை. அண்மையில் நீங்கள் பார்த்ததாகப் பெற்றோர் சொல்கிறார்கள். அப்போது தொடை இடுக்கில் நாடி இருந்ததா?"

அவன் எதைத் தேடுகிறான் என்பது மிருணாளினிக்கு உடனே புரிந்தது. இதயத்தில் இருந்து கீழே இறங்கும் பெரிய குழாய் பிறவியிலேயே ஒடுங்கியிருந்தால் மேல் உடம்புக்கு இரத்தம் போகும், கீழே போகாது. இதயம் அந்த ஒடுக்கத்துக்குள்ளால் தள்ளித் தள்ளிக் களைத்துவிடும். அப்படிப்பட்ட பிள்ளை பால் குடிக்கும்போது வேர்க்கும். அந்தப் பிள்ளையின் தொடை இடுக்கில் விரலை வைத்தால் ஒன்றும் அடிக்காது.

"இருந்தது" என்றாள்.

"இரண்டு பக்கமுமா?"

"இரண்டு பக்கமும்."

முதற் கேள்விக்குச் சொன்ன பதில் தானாக வந்த பதில். வருடக்கணக்காக ஒவ்வொரு பிள்ளையின் குறிப்பிலும் பார்க்காமலே அதைத்தான் எழுதிவந்தாள், வாய் பழகிப்போயிருந்தது. இரண்டாம் கேள்விக்குச் சொன்ன பதில் அப்படி வந்ததல்ல. அதை அவள் தெரிந்துகொண்டே சொன்னாள். முன்னால் ஒரு தாய் பிள்ளையை மடியில் வைத்தபடி அவளுடைய வாயையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"அப்படியென்றால் கிருமித் தொற்றாகத்தான் இருக்கும்" என்றான் ழான்-லூக். "அதற்கு மருந்தைத் தொடங்குகிறோம். இதயத்தைப் படம் பிடிக்கிற ஆள் இங்கே இல்லை, பாரிசுக்கு அனுப்ப வேண்டியிருக்குமோ என்று யோசித்துக்கொண்டிருந்தேன். நன்றி."

தொலைபேசியை வைத்த கையோடு திருப்பி எடுத்து, நான் சொன்னது பிழை, நான் பார்க்கவில்லை என்று சொல்லியிருக்கலாம். சின்ன வேலை. மடியில் இருக்கும் பிள்ளையைப் பார்த்துவிட்டுச் சொல்லலாம் என்று நினைத்தாள். பார்த்துவிட்டு எடுத்தபோது காத்திருப்பு இசைதான் ஓடியது, யாரும் எடுக்கவில்லை. அதற்குள் இம்மாகுலேற் அடுத்தவளை உள்ளே விட்டுவிட்டாள். அவர்கள் எப்படியும் கண்டுபிடித்துவிடுவார்கள், ஆஸ்பத்திரி அல்லவா என்று மனம் சமாதானம் சொன்னது. உண்மையில் கிருமித் தொற்றாகவும் இருக்கலாம் என்றும் சொன்னது. தன்னைக் காப்பாற்ற வேண்டிய நேரத்தில் மனிசருடைய மனம் எவ்வளவு கெட்டித்தனமாக வேலை செய்கிறது.

அன்று மிச்சமிருந்த பிள்ளைகள் எல்லாரையும் அவள் மேசையில் கிடத்தி, முழுக்கக் கழற்றிப் பார்த்தாள். பிள்ளைகள் வீரிட்டு அழுதன. தாய்மார் ஆளை ஆள் பார்த்தார்கள்.

"என்ன டொக்டர் இண்டைக்கு?" என்று இம்மாகுலேற் கேட்டாள்.

"ஒண்டுமில்லை. அடுத்த ஆளைக் கூப்பிடுங்கோ."

ஞாயிறு காலை எல்லாவற்றையும் சொல்லிவிடுவது என்று முடிவெடுத்து ஆஸ்பத்திரிக்கு எடுத்தாள். இம்முறை பேசியது ஆன்ஜெலிக் என்ற மூத்த மருத்துவர். காலையில் பொறுப்பை ஏற்று வந்ததும் பிள்ளையின் ஈரலைத் தொட்டுப் பார்த்தேன், வீங்கியிருந்தது, எனக்குப் பிடிக்கவில்லை, உடனே பாரிசுக்கு அனுப்பிப் படம் பிடிப்பித்தேன் என்றார். குழாய் ஒடுங்கியிருக்கிறது. மருந்தால் கொஞ்சம் நிமிர்த்திவிட்டு இன்றைக்கே சத்திரசிகிச்சை செய்கிறார்கள். சிறுநீரகம் நேற்றிலிருந்து வேலை செய்யவில்லை, அதுதான் கவலை. நேற்றே பாரிசுக்கு அனுப்பியிருந்தால் நல்லது.

"நீங்கள் ஏதோ சொல்ல எடுத்தீர்கள்?"

"இல்லை. எப்படி இருக்கிறான் என்று கேட்கத்தான்."

மருத்துவருக்கு உதவக்கூடிய உண்மை நேற்றைய உண்மை. இன்றைக்கு அதைச் சொன்னால் அவளுக்குக் கேடு, பிள்ளைக்கு ஒரு நன்மையும் இல்லை. இப்படித்தான் அவள் நினைத்தாள். நினைப்பில் பிழையும் இல்லை, அதுதான் அதில் உள்ள அசிங்கம்.

பாரிஸ் ஆஸ்பத்திரியின் நடையில் கஜனியும் சஞ்சீவனும் இருந்தார்கள். சஞ்சீவன் ஒரு பிரெஞ்சு உணவகத்துக் குசினியில் வேலை செய்கிறவன், வேலையில் இருந்து அப்படியே ஓடி வந்திருந்தான். ஜாக்கெட்டில் எண்ணெய் வாசம் அடித்தது. மிருணாளினியைக் கண்டதும் இருவரும் எழுந்து நின்றார்கள். சத்திரசிகிச்சை நடக்கிற இடத்தில் தங்களுடைய ஆள் ஒருவர் வந்து நிற்பதே அவர்களுக்குப் பெரிய தெம்பு. கஜனி அவளுடைய கையைப் பிடித்து ஒரு பக்கமாகக் கூட்டிக்கொண்டு போனாள்.

"அங்கை ஊர்ஜோன்ஸிலை திருப்பித் திருப்பிக் கேட்டவை டொக்டர். முந்திப் பாத்த டொக்டர் உடுப்பெல்லாம் கழட்டிப் பாத்தவவோ, பம்பஸைத் திறந்து பாத்தவவோ எண்டு. எனக்கு விளங்கீட்டுது, உங்களிலை பிழை பிடிக்கப் பாக்கினம் எண்டு. ஓம், எல்லாம் கழட்டி வடிவாய்ப் பாத்தவ எண்டு சொல்லிப்போட்டன்."

மிருணாளினி அவள் பிடியில் இருந்து கையை எடுத்தாள்.

"எங்கடை ஆளை நாங்கள் விட்டுக் குடுக்கிறதே?" என்று சஞ்சீவனும் வந்து நின்று சொன்னான். "உங்களுக்கு ஒண்டும் வராது, நீங்கள் யோசிக்காதேங்கோ."

பிள்ளை உள்ளே கிழிபட்டுக் கிடக்கும்போது அந்த இரண்டு பேரும் அவளுக்கு ஆறுதல் சொன்னார்கள். பிறகு கஜனியின் குரல் உடைந்தது.

"நான்தான் டொக்டர் எழுப்பாதேங்கோ எண்டு சொன்னனான். ரயிலிலை கத்துவான் எண்டு. கத்தினால் என்ன, கத்தியிருக்கலாம்தானே?"

அந்த இடத்தில் சொல்லியிருக்க வேண்டும். வாயைத் திறந்தாள். தாதி ஒருத்தி வந்து பெற்றோரை உள்ளே கூப்பிட்டாள். மிருணாளினி அந்த நடையில் தனியே நின்றுவிட்டு, மெட்ரோ எடுத்து வீட்டுக்குப் போனாள்.

ஒடுங்கிய குழாயை வெட்டி ஒட்டினார்கள். வேலை நன்றாகத்தான் முடிந்தது. ஆனால் கீழ் உடம்பு நெடுநேரம் இரத்தம் இல்லாமல் கிடந்துவிட்டது. செவ்வாய்க்கிழமை கிருஷிகன் இறந்துபோனான்.

அடக்கத்துக்கு லா சப்பலில் இருந்து நிறையப் பேர் போனார்கள். பெட்டி மிகச் சிறியது, சஞ்சீவன் அதைத் தனியாகத் தூக்கிக்கொண்டு நடந்தான். மிருணாளினி பின்னால் நின்றாள். பாருங்கோ, டொக்டரே வேலையை விட்டுப்போட்டு வந்திருக்கிறா என்று பெண்கள் தங்களுக்குள் சொன்னது அவள் காதில் விழுந்தது. அந்த வார்த்தை அவளைச் செருப்பால் அடித்த மாதிரி இருந்தது.

அதன் பிறகு அவள் ஒரு பிள்ளையையும் உடுப்போடு பார்க்கவில்லை. மேசையில் கடதாசி விரித்தாள். எடையும் உடுப்பில்லாமல், வெறும் மேலோடு. நித்திரையென்றால் எழுப்பினாள். கெஞ்சினாலும் கேட்கவில்லை, ஏன் என்றும் சொல்லவில்லை. டொக்டருக்கு என்னவோ பிடிச்சிட்டுது என்று தெருவில் கதை பரவியது. மாசிக் கடைசியில் காத்திருக்கும் அறையில் கதிரைகள் காலியாகக் கிடந்தன. இம்மாகுலேற் நேரம் குறிக்கும் ரொந்தேவுக் கொப்பியைப் பார்த்துப் பெருமூச்சு விட்டாள், ஆனால் அவளும் அன்று கதவடியில் நின்று சிரித்தவள்தான், ஒன்றும் கேட்கவில்லை.

பங்குனியில் ஒருநாள் கஜனி தொலைபேசி எடுத்தாள். அஷ்விகாவுக்கு இருமல், லா சப்பல் பக்கம் வர மனம் வருகுதில்லை, ஒருக்கா வீட்டை வந்து பாப்பீங்களோ என்று கேட்டாள். மிருணாளினி சரியென்றாள்.

சார்செலில் அந்தக் குடியிருப்பின் மின்தூக்கி வேலை செய்யவில்லை. அவள் மூச்சு வாங்க ஏறிப் போய்க் கதவைத் தட்டியபோது கஜனி திறந்தாள். மெலிந்துபோயிருந்தாள். சஞ்சீவன் வேலைக்குப் போயிருந்தான். கூடத்தில் வெப்பமூட்டிக்குப் பக்கத்தில் அஷ்விகா உள்ளாடை மட்டும் போட்டுக்கொண்டு, கைகளை மார்புக்குக் குறுக்கே கட்டியபடி நின்றாள். உடுப்புகள் கதிரையில் மடித்து வைக்கப்பட்டிருந்தன. டொக்டர் வருவதற்கு முன்பே தாய் அவளைக் கழற்றி ஆயத்தமாக நிறுத்தியிருந்தாள்.

அவள் முழந்தாளிட்டு அமர்ந்து பிள்ளையைப் பார்த்தாள். விலா உள்ளே போகவில்லை. ஸ்டெதஸ்கோப்பை உள்ளங்கையில் தேய்த்துச் சூடாக்கி வெறும் மேலில் வைத்தாள், நெஞ்சில், இடது அக்குளில், முதுகில் இரண்டு தோள்பட்டைகளுக்கும் நடுவில். குளிருது என்று பிள்ளை பிரெஞ்சில் முறையிட்டது. தொடை இடுக்கில் இரண்டு பக்கமும் விரலை வைத்தாள். இரண்டு பக்கமும் நாடி துள்ளியது.

"நல்லாயிருக்கிறா. சாதாரண இருமல்தான்."

"இன்னொருக்காக் கேளுங்கோ" என்றாள் கஜனி.

மிருணாளினி இன்னொரு முறையும் கேட்டாள். இன்னொரு முறையும் நல்லாயிருக்கிறா என்று சொன்னாள். கஜனி பிள்ளைக்குப் பெனியனை மட்டும் போட்டு அடுத்த அறைக்கு அனுப்பினாள். அங்கே தொலைக்காட்சி பேசத் தொடங்கியது. கஜனி தேத்தண்ணி ஊற்றிக் கொண்டுவந்து வைத்தாள். இரண்டு பேரும் குடிக்கவில்லை.

"நித்திரை வருகுதில்லை டொக்டர்" என்றாள். "கண்ணை மூடினால் அண்டைக்கு உங்கடை அறையிலை இருக்கிறதுதான் வருது. நீங்கள் பம்பஸிலை கை வைச்சனீங்கள். நான் தட்டிக் குடுத்தனான். நான் தட்டிக் குடுக்காமல் இருந்திருந்தால் அவன் எழும்பியிருப்பான். இவர் சொல்லுறார், உனக்கென்ன தெரியும், விடு எண்டு. என்னாலை விட ஏலாமல் கிடக்கு. நானே என்ரை பிள்ளையைச் சாகடிச்சுப்போட்டன்."

இனியும் பொறுக்க மிருணாளினியால் முடியவில்லை. இந்தப் பெண்ணின் தலையில் தன் சுமையை ஏற்றிவிட்டுத் தான் இத்தனை நாள் வெறுங்கையோடு நடந்ததாக அவளுக்குப் பட்டது. அதை இறக்கிவிட வேண்டும், இப்போதே.

"அது உங்கடை பிழை இல்லை கஜனி. நீங்கள் எழுப்ப வேண்டாம் எண்டாலும் நான் எழுப்பியிருக்க வேணும். அதுதான் என்ரை வேலை. பம்பஸைத் திறந்து விரலை வைச்சிருந்தால் அண்டைக்கே தெரிஞ்சிருக்கும். நான் பாக்கேல்லை. அதைவிடப் பெரிய பிழையும் ஒண்டு செய்தனான். சனிக்கிழமை ஊர்ஜோன்ஸிலை இருந்து எடுத்து, நாடி இருந்ததோ எண்டு கேட்டவை. இருந்தது எண்டு பொய் சொன்னனான். அவையள் அதை நம்பி, இது இதய வருத்தம் இல்லை எண்டு வேறை மருந்து குடுத்தவை. ஒரு நாள் வீணாய்ப் போட்டுது. அந்த ஒரு நாள் இருந்திருந்தால் அவன் தப்பியிருக்கக்கூடும். பிழை முழுக்க என்னிலை. நீங்கள் ஆரிட்டைச் சொல்லுறதெண்டாலும் சொல்லுங்கோ."

சொல்லி முடித்ததும் உடம்பு லேசானது. அந்த லேசு அவளுக்கே வெட்கமாக இருந்தது. கஜனி கத்துவாள், அழுவாள், வெளியே போ என்பாள் என்று எதிர்பார்த்தாள். எல்லாவற்றுக்கும் ஆயத்தமாகத்தான் இருந்தாள். கஜனி கோப்பையைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"என்னட்டையும் கேட்டவை" என்றாள் கஜனி.

மிருணாளினிக்கு உடனே விளங்கவில்லை.

"அண்டைக்கு ஊர்ஜோன்ஸிலை. கழட்டிப் பாத்தவவோ எண்டு கேட்டவை. நானும் ஓம் எண்டுதானே சொன்னனான்."

இத்தனை வாரமும் மிருணாளினி தன்னுடைய பொய்யைத்தான் நினைத்திருந்தாள், தன்னுடைய கைவிரலைத்தான் நினைத்திருந்தாள். கஜனி நடையில் வைத்துச் சொன்னதை, தனக்கு வெட்கம் தந்த ஒரு உபகாரமாக மட்டுமே நினைத்திருந்தாள். அது கஜனியின் மேலேயே திரும்பி விழும் என்று ஒரு கணமும் யோசிக்கவில்லை. பிள்ளையை எழுப்பாத சின்னப் பாரத்தை இறக்க வந்தவள், அதைவிடப் பெரிய ஒன்றைத் தன் கையாலேயே தூக்கி வைத்துவிட்டாள்.

"நான் இல்லை எண்டு சொல்லியிருந்தால்" என்று கஜனி ஒவ்வொரு சொல்லாகக் கேட்டாள், "டொக்டர் ஒண்டையும் கழட்டிப் பாக்கேல்லை எண்டு சொல்லியிருந்தால், அவையள் அண்டைக்கே பாரிசுக்கு அனுப்பிப் படம் பிடிச்சிருப்பினமோ?"

அனுப்பியிருப்பார்கள். தாய் 'இல்லை' என்றும் மருத்துவர் 'ஓம்' என்றும் சொன்னால், அந்த ழான்-லூக்குக்குச் சந்தேகம் வந்திருக்கும். அவன் சந்தேகப்பட்டுத்தான் இரண்டு பேரிடமும் கேட்டான். இரண்டு பேரும் ஒரே பதிலைச் சொன்னார்கள். அடுத்த அறையில் தொலைக்காட்சி பிரெஞ்சில் ஏதோ பாடியது, அஷ்விகா கூடப் பாடினாள்.

"இல்லை" என்றாள் மிருணாளினி. "நீங்கள் சொன்னதாலை ஒண்டும் மாறேல்லை. அவையள் டொக்டர் சொல்லுறதைத்தான் பாப்பினம். தாய் சொல்லுறதைப் பெரிசாய் எடுக்கமாட்டினம்."

கஜனி தலையை நிமிர்த்தினாள். சளி என்றால் சளி என்றும், பயப்பிட ஒண்டும் இல்லை என்றால் இல்லை என்றும் இந்த வாய் சொன்ன எல்லாவற்றையும் வருடக்கணக்காக நம்பினவள் அவள். இப்போது அந்த வாயையே உற்றுப் பார்த்தாள்.

"உண்மையாய்த்தான் சொல்லுறீங்களோ?"

"உண்மையாய்."

"அண்டைக்கு அவையளுக்கும் இந்தக் குரலிலைதான் சொல்லியிருப்பீங்கள், என்ன?"

கஜனி எழுந்து, குடிக்காத இரண்டு கோப்பைகளையும் எடுத்துக்கொண்டு குசினிக்குள் போனாள். மிருணாளினி கொஞ்ச நேரம் காத்திருந்து பார்த்தாள். உள்ளே தண்ணீர்க் குழாய் ஓடிக்கொண்டே இருந்தது. கஜனி திரும்பி வரவில்லை.